முந்திக்கொண்ட விசில்

அமுதவள்ளியை யாராவது ‘பாவம்’ என்று சொன்னால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். பிரிக்பீல்ட்ஸில் எங்கள் அடுக்குமாடிக் குடியிருப்பில் எங்களுக்கு நேர் மேல்வீடு அவளுடையது. அவளுக்குப் பார்வை இல்லை, வாய் உண்டு. பார்வையற்றவர்கள் நடப்பதற்காக நடைபாதையில் பதித்திருக்கும் மஞ்சள் கற்கள்மேல் எவனாவது மோட்டார் சைக்கிளை நிறுத்தியிருந்தால் ஒதுங்கிப் போகிற ஆள் இல்லை அவள். கைக்கோலால் அதை ஒரு தட்டுத் தட்டிவிட்டு, சொந்தக்காரன் சாப்பாட்டுக் கடையிலிருந்து வாயைத் துடைத்துக்கொண்டு ஓடிவரும்வரை அங்கேயே நிற்பாள். அப்புறம் அவன் படும் பாட்டைத்தான் பாவம் என்று சொல்ல வேண்டும்.

கிள்ளான் பக்கம் பண்டமாரானில் பிறந்தவள். அப்பா துறைமுகத்தில் லோரி ஓட்டினார். பள்ளிக்கூடம் போகத் தொடங்கிய வயதிலேயே கண் மங்க ஆரம்பித்து, சில வருடங்களில் வெளிச்சம், இருட்டு என்கிற வித்தியாசமும் போய்விட்டது. இப்போது நாற்பதைத் தாண்டிவிட்டாள். பெட்டாலிங் ஜெயாவில் ஒரு கூரியர் நிறுவனத்தில் தொலைபேசிப் பிரிவில் வேலை. பார்சல் வரவில்லை என்று கத்துகிறவர்களைத் தமிழ், மலாய், ஆங்கிலம், கொஞ்சம் ஹொக்கியன் என்று கிடைத்த மொழியில் அடக்கிவிடுவாள். எல்ஆர்டி ரயிலில் தனியாகப் போய்த் தனியாக வருகிறாள். கல்யாணம் செய்துகொண்டு, ஒத்துவராமல், அதையும் தானே முடித்துக்கொண்டு வந்தவள். இதையெல்லாம் அவள் சொல்லும்போது பாசாருக்குப் போய்க் கத்தரிக்காய் வாங்கி வந்த கதை மாதிரி இருக்கும்.

அவளுக்கு ஒரே ஒரு பைத்தியம், காசு போட்டு ஆடும் பழைய மெஷினில் வரும் கப்பல் கேம். அந்த மெஷினின் பெயர் ‘அயர்ன் லகூன்’. ஆனால் பண்டமாரானில் யாரும் அப்படிச் சொன்னதில்லையாம். மேலே மூன்று கப்பல்கள், கீழே நம்முடைய நீர்மூழ்கி. கப்பல்கள் குண்டு போடும். நாம் ஒதுங்கிக்கொண்டு, திரும்ப அடியில் வந்து சுட வேண்டும். நமக்கு மூன்று நீர்மூழ்கி, மூன்றும் போனால் ஆட்டம் முடிந்தது. அவ்வளவுதான் விளையாட்டு. தங்கையைப் பார்த்துக்கொள் என்று வீட்டில் விட்டுப்போனால், அவளுடைய அண்ணன் அவளையும் இழுத்துக்கொண்டு கேம் கடைக்குப் போய் மெஷினுக்குப் பக்கத்தில் நிறுத்திவைப்பானாம்.

பார்க்க முடியாதவள் கேட்டுக்கொண்டிருந்தாள். இடது கப்பல் போடும் குண்டுக்குத் தடித்த விசில், வலது கப்பலுக்குக் கீச்சென்ற விசில், நடுக்கப்பலுக்கு இரண்டுக்கும் இடைப்பட்டது. விசிலைக் கேட்டதும் நகர்ந்துவிட வேண்டும். விசில் அடங்கினால் குண்டு வெடித்துத் தீர்ந்துவிட்டது என்று அர்த்தம். உடனே திரும்பி வந்து சுடலாம். ஒரு நாள் அண்ணன் தோற்றுத் தோற்று வெறுத்துப்போய், நீர்மூழ்கியை நகர்த்தும் குச்சியை இவள் கையில் கொடுத்திருக்கிறான். அன்றைக்கு வீட்டுக்கு வர நேரமாகிவிட்டது என்று அம்மாவிடம் அடி வாங்கியது அண்ணன்தான். அதைச் சொல்லி இன்றைக்கும் விழுந்து விழுந்து சிரிப்பாள்.

சென்ற வருடம், பெட்டாலிங் ஜெயாவில் ஒரு பேரங்காடி மண்டபத்தில் பழைய வீடியோ கேம் போட்டி நடக்கப்போகிறது என்று எங்கிருந்தோ கேள்விப்பட்டு வந்தாள். விளையாட்டுகளில் ஒன்று கப்பல் கேம். நடத்துகிற பையன் பெயர் விமலன். என் வீட்டுச் சோபாவில் உட்கார்ந்துகொண்டு, நானும் கேட்கட்டும் என்று ஸ்பீக்கரில் போட்டே அவனுக்குப் போன் அடித்தாள்.

பார்வையில்லாமல் விளையாடுவேன் என்று இவள் சொன்னதும் அந்தப் பக்கம் ஒரே சந்தோஷம்.

“அக்கா, இது செம ஐடியாக்கா! போட்டிக்கு நடுவுல உங்களுக்குன்னு தனியா ஒரு ஷோ வைக்கலாம். நீங்க விளையாடுங்க, எல்லாரும் பாப்பாங்க. பக்கத்துல ஒரு ஆள் நின்னு உதவி செய்வாரு. ஸ்கோர் எல்லாம் பாக்க வேணாம் லா.”

“ஏன் பாக்க வேணாம்?”

“இல்லக்கா... உங்களுக்கு பிரஷர் வேணாம்னு.”

“தம்பி, நான் தினமும் பார்சல் தொலைஞ்சவங்ககிட்ட ஏச்சு வாங்குறவ. என்னைப் போட்டியில சேத்துக்க. எல்லாருக்கும் என்ன ரூலோ அதே ரூல் எனக்கும். ஷோ எல்லாம் குரங்குக்கு வை.”

விமலன் நல்ல பையன்தான். உண்மையைச் சொன்னான். போட்டியில் அசல் மெஷின்கள் கிடையாது. பழைய விளையாட்டை அப்படியே ஓட்டிக் காட்டும் எமுலேட்டரைக் கணினியில் ஏற்றி, அந்தக் கணினியை மெஷின் மாதிரியான பெட்டிக்குள் வைத்திருக்கிறார்கள். அதில் கப்பல் கேம் படமாக ஓடுகிறது, ஆனால் சத்தமே வருவதில்லை. சத்தம் இல்லாமல் அக்கா எப்படி விளையாடுவீர்கள் என்று கேட்டான். இவள் கொஞ்சமும் அசரவில்லை.

“சத்தம் நான் கொண்டுவரேன். கொண்டுவந்தா போட்டியில என் பேர் இருக்கும். சரியா?”

சரி என்றான். அவள் போனை வைத்துவிட்டு, சமையலறை வாசலில் காப்பிக் கோப்பையோடு நின்றுகொண்டிருந்த என் கணவரின் பக்கமாகத் தலையைத் திருப்பினாள். அவர் அங்கே நிற்பது அவளுக்கு எப்படித் தெரிந்தது என்று நான் கேட்பதை விட்டுவிட்டு வெகு நாளாகிறது.

என் கணவர் கிருபானந்தனுக்கு ஒலிப்பதிவுதான் தொழில். ரேடியோ விளம்பரம், பக்திப் பாட்டு, மாநாட்டு உரை என்று எதைக் கொடுத்தாலும் சுத்தம் செய்து கொடுப்பார். பேசுகிறவரின் மூச்சு, எச்சில் விழுங்கும் சத்தம், நாற்காலி முனகல், பேச்சுக்கு முன்னால் கிடக்கும் வெற்று நொடி எல்லாவற்றையும் வெட்டி எறிந்துவிடுவார். எங்கள் கல்யாண வீடியோவில் தாலி கட்டும்போது நான் தும்மிய தும்மலையே வெட்டி எடுத்த மனிதர். எனக்கு அந்தக் கோபம் இன்னும் தீரவில்லை. அந்தத் தும்மலுக்கு மாப்பிள்ளை உட்பட மண்டபமே சிரித்தது.

அவர்தான் எங்களுக்கு விஷயத்தை விளக்கினார். பிற்காலத்து மெஷின்களில் சத்தத்தை உண்டாக்கவே தனிச் சில்லு, அதாவது ‘சிப்’, இருக்குமாம். அதையும் எமுலேட்டர் கணினியில் நடித்துக் காட்டிவிடும். கப்பல் கேம் அதற்கும் முந்திய காலத்தது. அதில் சர்க்யூட் போர்டில் இருக்கும் கண்டென்சர்களும் டிரான்சிஸ்டர்களும் சேர்ந்து அப்போதைக்கப்போது சத்தத்தை உண்டாக்குகின்றன. அதை நடிக்க எமுலேட்டருக்குத் தெரியாது. யாராவது அசல் மெஷினிலிருந்து ஒவ்வொரு சத்தத்தையும் பதிவு செய்து, தனித்தனிக் கோப்பாக்கி, அது எதிர்பார்க்கும் பெயரையே வைத்து, ஒரு பொட்டலமாகக் கட்டிக் கொடுக்க வேண்டும். குண்டு விழும் சமயத்தில் எமுலேட்டர் அந்தக் கோப்பை எடுத்து ஒலிக்கவிடும். கோப்பு இல்லையென்றால் ஊமைப் படம்தான்.

“சுசா இல்ல அமுதா, நம்ம கை படாத சத்தமா?” என்றார். சுசா என்றால் மலாயில் கஷ்டம். என் கணவரின் வாயில் அந்தச் சொல்லுக்கு முன்னால் எப்போதும் ஒரு ‘இல்லை’ வரும்.

அசல் மெஷின் கிள்ளானில் கன்னையா என்பவரிடம் இருந்தது. ஏர்கண்டிஷன் பழுதுபார்க்கிற பட்டறை வைத்திருக்கிறார். பழைய கம்ப்ரசர்களுக்கு நடுவில் அந்த மெஷினும் நிற்கிறது, அதன் தலையில் அவருடைய தேநீர்க் கோப்பை. எதற்கு வைத்திருக்கிறீர்கள் என்று கேட்டால், “ஓடுது, இருக்குது” என்பார். கணவர் ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுக்க அங்கே போய் உட்கார்ந்து பதிவு செய்துகொண்டு வந்தார். பிறகு ஸ்டூடியோவில் வைத்து ஒவ்வொன்றாகத் துப்புரவு செய்தார். எங்கள் வீட்டுக் கணினியில் ஏற்றி அவரே விளையாடிப் பார்த்து, மூன்று கப்பலையும் மூழ்கடித்துவிட்டு, இடுப்பில் கைவைத்துக்கொண்டு நின்றார். அன்றைக்கே விமலனுக்கும் அனுப்பிவிட்டார். சத்தம் பிரமாதமாக இருந்தது என்பதை நானே சொல்கிறேன். கண்ணாடியைக் கழுவித் துடைத்த மாதிரி இருந்தது.

அமுதவள்ளி வந்து உட்கார்ந்தாள். விசில் கேட்டது, நகர்ந்தாள். விசில் அடங்கியது, திரும்பினாள். குண்டு நேராக அவள் தலையில் விழுந்தது.

“பழக்கம் விட்டுப்போச்சு” என்று சிரித்தாள். மறுபடி ஆடினாள். அதே கதை. அடுத்த நாள் வந்தாள், அதற்கடுத்த நாளும் வந்தாள். வேலை முடிந்து எல்ஆர்டியில் இறங்கி நேராக எங்கள் வீட்டுக்குத்தான் வருவாள். ஒரு வாரம் ஆகியும் முதல் கட்டத்தைக்கூட அவளால் தாண்ட முடியவில்லை. என்னால் பார்த்துக்கொண்டிருக்க முடியவில்லை. என் மகன் வெளியூரிலிருந்து வந்தபோது விளையாட்டாக உட்கார்ந்து, பேசிக்கொண்டே இரண்டு கட்டம் தாண்டினான். அந்தச் சத்தத்தையும் அவள் கேட்டுக்கொண்டுதான் இருந்தாள்.

அப்போதுதான் என் கணவர் வாயைத் திறந்தார். “அமுதா, வயசாகுது இல்லையா, கையும் காதும் முன்ன மாதிரி இருக்காது. எனக்கே மேல் சுருதியெல்லாம் இப்ப சரியா விழுறதில்ல. விமலன் சொன்ன மாதிரி ஷோவா செஞ்சா என்ன? அதுவும் கௌரவம்தானே.”

அவருக்கு நல்ல மனசு. ஆனால் நல்ல மனசோடு பேசுகிறவர்கள் செய்கிற சேதம் இருக்கிறதே! அமுதவள்ளி பதிலுக்குப் பதில் கொடுப்பாள் என்று காத்திருந்தேன். அவள் கைக்கோலைத் தேடி எடுத்துக்கொண்டு மாடியேறிப் போய்விட்டாள். மறுநாள் வரவில்லை.

மாலையில் துணி காயப்போட மொட்டைமாடிக்குப் போனபோது அவள் கைப்பிடிச் சுவரோரம் நின்றிருந்தாள். என் செருப்புச் சத்தத்திலேயே நான்தான் என்று தெரிந்துகொண்டாள்.

“ராஜினி, ஒளிக்காம சொல்லு. என் காது போகுதா?”

“என்ன பேச்சு இது?”

“கண்ணு போனப்ப நான் சின்னப் பிள்ளை. ரெண்டு நாள் அழுதுட்டு விளையாடப் போயிட்டேன். இப்ப காதும் போனா நான் எங்க போறது? என் வேலை காதுல இருக்கு. ரோட்டைத் தாண்டுறது காதுல இருக்கு. போட்டி கிடக்கட்டும். எனக்குப் பயமா இருக்கு.”

இத்தனை வருடப் பழக்கத்தில் அவள் வாயிலிருந்து ‘பயம்’ என்ற சொல்லை நான் கேட்டதே இல்லை. ஈரத்துணியைக் கையில் வைத்துக்கொண்டே அவள் பக்கத்தில் நின்றேன். டாக்டரிடம் காட்டிவிடலாம், நானும் கூட வருகிறேன் என்று சொன்னேன். பிறகு பழைய அமுதவள்ளி திரும்பி வந்தாள்.

“டாக்டர் அப்புறம். முதல்ல கிள்ளான் போவோம். நான் தோக்குறதா இருந்தா அந்த மெஷின்கிட்டயே தோக்குறேன். கிருபா அண்ணேகிட்ட சொல்லி வையி, அவர்தான் கார் ஓட்டணும்.”

சனிக்கிழமை போட்டி என்றால் வியாழக்கிழமை நாங்கள் கிள்ளான் போனோம், அவளும் என் கணவரும் அரைநாள் விடுப்பு எடுத்துக்கொண்டு. என் கணவருக்கு மூக்கு நுனியில் கோபம். தன் பதிவைச் சந்தேகப்படுகிறாளே என்று. பெடரல் நெடுஞ்சாலையில் நெரிசல் வேறு. இந்த இருவரையும் ஒரே காரில் ஏற்ற ஏன் ஒத்துக்கொண்டேன் என்று என்னையே திட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

கன்னையா தேநீர்க் கோப்பையை எடுத்துவிட்டு, காசு போடாமலே விளையாட வசதியாக உள்ளே எதையோ தொட்டுவிட்டார். அமுதவள்ளி கையால் மெஷினின் விளிம்பைத் தடவிக்கொண்டே போய்க் குச்சியைப் பிடித்தாள். முதல் குண்டிலேயே நீர்மூழ்கி போய்விட்டது. எனக்கு உயிரே போனது. என் கணவர் தரையைப் பார்த்தார். அப்போது அவர் முகத்தில் வெற்றி எதுவும் இல்லை. அதையும் சொல்ல வேண்டும்.

அவள் இரண்டாவது நீர்மூழ்கியை நகர்த்தவே இல்லை. சும்மா நின்று குண்டு வாங்கினாள். கேட்டுக்கொண்டிருக்கிறாள் என்று எனக்குப் பிறகுதான் புரிந்தது. மூன்றாவதில் ஆரம்பித்தாள். நகர்ந்தாள், திரும்பினாள், சுட்டாள். ஒரு கப்பல் போனது. இன்னொன்று போனது. முதல் கட்டம் முடிந்து, இரண்டாவது முடிந்து, மூன்றாவதில் குண்டுகள் மழைபோல விழுந்தபோதும் அவள் உதட்டைக் கடித்துக்கொண்டு குச்சியை ஆட்டிக்கொண்டே இருந்தாள். கன்னையா கழற்றிக்கொண்டிருந்த மின்விசிறியைக் கீழே வைத்துவிட்டு வந்து பக்கத்தில் நின்றார்.

“இதுதான் என் கேம். கிருபா அண்ணே, உங்க வீட்ல ஓடுறது இது இல்ல” என்றாள் விளையாடிக்கொண்டே.

“அதே போர்டு, அதே சத்தம் அமுதா. இங்கதான் எடுத்தேன்.”

“என்ன வித்தியாசம்னு எனக்குச் சொல்லத் தெரியல. ஆனா இது இல்ல.”

என் கணவர் முட்டிபோட்டு உட்கார்ந்து மெஷினின் ஸ்பீக்கரில் காதை வைத்தார். “நிறுத்தாம விளையாடுங்க” என்றார். வெகு நேரம் அப்படியே இருந்தார். பிறகு கண்ணை மூடிக்கொண்டார். கொஞ்ச நேரத்தில் அவர் தலை மெல்ல ஆடத் தொடங்கியது. அவர் எழுந்தபோது சட்டையில் கறை, முகத்தில் அசடு.

“ஒரு ‘டொக்’ இருக்கு” என்றார்.

குண்டு கப்பலை விட்டுக் கழலும்போது போர்டு முதலில் ‘டொக்’ என்று ஒரு சின்னச் சத்தம் போடுகிறது. அதற்குப் பிறகு ஒரு சின்ன வெற்றிடம். அப்புறம்தான் விசில். பதிவிலும் அது இருந்திருக்கிறது. இவர்தான் ஸ்டூடியோவில் அந்த ‘டொக்’கை அழுக்கு என்று நினைத்து, பின்னால் கிடந்த வெற்றிடத்தோடு சேர்த்து வெட்டிவிட்டார். விளம்பரத்தில் பேச்சு சட்டென்று தொடங்க வேண்டும் என்று இத்தனை வருடமாக வெட்டுகிற கை, இங்கேயும் கேட்காமலே வெட்டிவிட்டது. அதனால் எங்கள் வீட்டுக் கணினியில் விசில் முந்திக்கொண்டு தொடங்கி, முந்திக்கொண்டு முடிந்தது. குண்டு மட்டும் தன் நேரத்துக்கே விழுந்தது. கண்ணால் குண்டைப் பார்த்து விளையாடுகிறவனுக்கு அது தெரியவே தெரியாது. விசில் அடங்கியதை நம்பித் திரும்பி வந்தவளின் தலையில்தான் விழுந்தது.

அமுதவள்ளி குச்சியை விட்டுவிட்டாள். நீர்மூழ்கி வெடித்ததை அவள் கவனிக்கவில்லை.

“அப்ப என் காது?”

“உங்க காதுக்கு ஒரு குறையும் இல்ல. என் கத்திரிக்குத்தான் அறிவில்ல” என்றார் என் கணவர். “மன்னிச்சிருங்க அமுதா. வயசாகுதுன்னு வேற சொல்லிட்டேன்.”

அவள் அழுதுவிட்டாள். பட்டறை நடுவில், கம்ப்ரசர்களுக்கு இடையில், கைக்குட்டை கிடைக்காமல் துப்பட்டாவால் முகத்தை மூடிக்கொண்டு அழுதாள். நானும் அழுதேன். கன்னையா என்ன செய்வதென்று தெரியாமல் எல்லாருக்கும் தேநீர் வாங்கிவரப் போனார். அவர் திரும்பி வருவதற்குள் அமுதவள்ளி மூக்கைச் சிந்திவிட்டு என் கணவரைக் கேலி செய்ய ஆரம்பித்திருந்தாள்.

“ராஜினி, ஒரு மனுஷனை இவர்கிட்ட குடுத்தா தலையை அழுக்குன்னு வெட்டிட்டு உடம்பு பளிச்சுன்னு இருக்குன்னு திருப்பிக் குடுப்பாரு.”

வெட்டாத பதிவு ஸ்டூடியோவில் பத்திரமாக இருந்தது. அதிலிருந்து மறுபடி கோப்புகளை எடுத்து, இந்த முறை எதன் தலையையும் தொடாமல் பெயர் மட்டும் வைத்துக் கட்டினார். எங்கள் வீட்டில் ஏற்றிக் காட்டியதும் அவள் முதல் கட்டத்தைப் பேசிக்கொண்டே தாண்டினாள். என் மகனைப் போலவே வேண்டுமென்றே பேசினாள் என்பது என் சந்தேகம்.

சனிக்கிழமை மண்டபத்தில் காதடைக்கிற இரைச்சல். விமலன் எங்கள் எதிரிலேயே எல்லாப் பெட்டிகளிலும் பழைய கோப்புகளை எடுத்துவிட்டுப் புதியவற்றைப் போட்டான். பிறகு ஒரு ஹெட்போனைக் கொண்டுவந்து, “அக்காவுக்கு மட்டும் ஸ்பெஷலா” என்றான்.

“மத்தவங்களுக்கு?”

“அவங்களுக்கு வேணாம்கா, அவங்க பாத்து...”

“எல்லாப் பெட்டிக்கும் ஒண்ணு மாட்டு தம்பி. போடுறதும் போடாததும் அவங்க இஷ்டம். எனக்கு மட்டும்னு ஒண்ணும் வேணாம்.”

அலாமா என்று தலையில் கைவைத்துக்கொண்டு ஓடினான். பக்கத்துக் கடைகளிலெல்லாம் கெஞ்சி, எல்லாப் பெட்டிக்கும் ஒன்று மாட்டிவிட்டுத்தான் தொடங்கினான். அந்தப் பையனை எனக்கு அந்த நிமிடத்தில் பிடித்துப்போனது.

அவள் முறை வந்தபோது கூட்டம் கைதட்டியது. ‘பாவம்’ என்று எனக்குப் பின்னால் ஒரு பெண் சொன்னாள். திரும்பி ஒரு முறை முறைத்தேன். அதற்குப் பிறகு எனக்கு யாரும் தெரியவில்லை. முதல் கட்டம், இரண்டாவது, மூன்றாவது எல்லாம் கிள்ளானில் பார்த்ததுதான். நான்காவது கட்டத்தில் இரண்டு கப்பல் ஒரே நேரத்தில் குண்டு போட்டது. தடித்த விசிலும் கீச்சு விசிலும் ஒன்றோடொன்று கலந்து எதுவும் புரியாத இடம் அது. அவள் அசையாமல் நடுவில் நின்றாள். இரண்டு பக்கமும் விழுந்து வெடித்தது. நடுக்கப்பலைச் சுட்டாள். என் கணவர் சிறு பிள்ளை மாதிரி குதித்தார். கைதட்டல் நின்றுபோயிருந்தது. எல்லாரும் நிஜமாகவே விளையாட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஐந்தாவது கட்டத்தில் கடைசி நீர்மூழ்கியும் போனதும் ஹெட்போனைக் கழற்றிவைத்துவிட்டுத் தண்ணீர் கேட்டாள்.

எல்லாரும் விளையாடி முடித்ததும் பெரிய திரையில் பெயர்ப் பட்டியல் வந்தது. மேலிருந்து படி என்றாள். படித்தேன். ஷா ஆலம் பையன் ஒருவன், அப்புறம் போட்டிக்கு வந்திருந்த இரட்டைச் சகோதரிகளில் ஒருத்தி, அப்புறம் மூக்குக்கண்ணாடி போட்ட ஒரு சீனர். நான்காவதாக அமுதவள்ளி. அவளுக்குக் கீழே திரை கொள்ளாமல் பெயர்கள்.

“கீழ இருக்கிறதையும் படி” என்றாள். எல்லாவற்றையும் படிக்கச் சொல்லிக் கேட்டாள்.

அப்போது விமலன் ஒரு பெரிய பழக்கூடையைத் தூக்கிக்கொண்டு வந்தான். ரிப்பன் கட்டி, தங்கநிறத் தாளில் ஏதோ எழுதி ஒட்டியிருந்தது. பின்னால் போனில் படம் எடுக்க நாலு பேர்.

“என்ன தம்பி இது, வாழைப்பழ வாசனை?”

“சிறப்புப் பரிசுக்கா. உங்க தன்னம்பிக்கைக்காக.”

“நாலாவதா வந்தவங்களுக்கு என்ன பரிசு?”

“முதல் மூணு பேருக்குத்தான்கா பரிசு. நாலாவதுக்கு ஒண்ணும் இல்ல.”

“அப்ப அதையே குடு” என்று அமுதவள்ளி வெறுங்கையை நீட்டினாள்.

விமலன் கூடையைத் தரையில் வைத்துவிட்டு, அந்தக் கையைப் பிடித்துக் குலுக்கினான்.